நிலத்தடி ஒலியும் நிலவுரிமையும்: வலப்பனைப் பிரதேசத்தை முன்வைத்து ஒரு சமூக வரலாற்று நோக்கு

1

மத்திய மலைநாட்டின் கர்ணபரம்பரைக் கதைகளுள் இராவணன் சுரங்கம் பற்றிய கதை பரவலாக அறியப்பட்டதாகும். நுவரெலியாவை அடுத்த சீதா எலிய, வெலிமடைப் பகுதியிலுள்ள இஸ்திரிபுர, எல்ல மலையிலுள்ள இராவணன் குகை, ஹசலக்கவுக்கு அண்மையிலுள்ள சீதா கொட்டுவ ஆகிய இடங்கள் நிலத்தின் கீழாகச் செல்லும் சுரங்கப் பாதைகளால் இணைக்கப்பட்டுள்ளன என்பது அக்கதையின் சாரம். சீதா எலியவிலிருந்து சீதா கொட்டுவ வரை வரைபடத்தில் ஒரு கோடு இழுப்போமாயின் அது வலப்பனைப் பிரதேசத்தின் ஊடாகவே செல்லும். தெற்கே ராகலை, உடப்புசல்லாவை, ஹைபொரஸ்ட் எனத் தேயிலைத் தோட்டங்கள். வடக்கே மகாவலியை நோக்கி இறங்கும் வயல்களும் சிங்களக் கிராமங்களும். கிழக்கே உமா ஓயாப் பள்ளத்தாக்கு. கற்பனைச் சுரங்கம் இவையனைத்தின் அடியிலும் செல்வதாகவே கொள்ளப்படல் வேண்டும்.

இத்தகைய சுரங்கம் எதனையும் புவிச்சரிதவியல் அறியாது. எனினும், ‘இல்லை’ என்று கூறியவுடன் வரலாற்று மாணவனின் பணி முடிந்துவிடுவதில்லை. நிலத்தின் கீழ் ஒரு வெறுமை உண்டு, அது ஓசையை ஏந்திச் செல்லும், ஓரிடத்தில் எழுந்த ஒலி வேறோரிடத்தில் கேட்கும் என்னும் எண்ணம் இம்மலைகளில் ஏன் நிலைத்து நிற்கின்றது? கண்ணுக்குப் புலப்படாத ஒரு வெறுமைக்குச் சாட்சி கூறக்கூடிய புலன் செவி ஒன்றே. ஆதலின் நிலத்தடி பற்றிய கற்பனையின் வரலாறு, பெருமளவுக்குக் கேட்டலின் வரலாறாகும். நிலத்தின் ஒலியைக் கேட்பவர் யார், அதற்குப் பொருள் கூறும் அதிகாரம் உடையவர் யார், கேட்டதன்படி செயலாற்றக்கூடியவர் யார் என்னும் மூன்று வினாக்களையும் நிலவுடைமை உறவுகளிலிருந்து பிரித்து நோக்க முடியாது என்பதே இக்கட்டுரையில் நாம் நிறுவ முயல்வதாகும்.

2

நிலத்தடி வெறுமையைக் குறிக்க எமது இலக்கிய மரபு ‘பிலம்’ என்னும் சொல்லை வழங்கி வந்துள்ளது. கம்பராமாயணத்துக் கிட்கிந்தா காண்டத்தில் ‘பிலம் புக்கு நீங்கு படலம்’ என ஒரு படலமே உண்டு. சீதையைத் தேடிச் செல்லும் வானரர் இருள் செறிந்த பிலத்தினுட் புகுந்து, மயன் சமைத்த பொன்னகரத்தையும் அங்கு தனித்திருக்கும் சுயம்பிரபையையும் காண்கின்றனர். இங்கு பிலம் செல்வம் மறைந்து கிடக்கும் இடம். புகுந்தவர் எளிதில் மீள முடியாத இடமுமாகும்.

எமது ஆய்வுக்கு இதனினும் முக்கியமானது வாலி - மாயாவி போர் பற்றிய கதை. வான்மீகியின் கூற்றுப்படி, அசுரனைத் துரத்திப் பிலத்தினுட் சென்ற வாலிக்காகச் சுக்கிரீவன் வாயிலிற் காத்து நிற்கின்றான். உள்ளிருந்து குருதி பெருகி வருகின்றது. அசுரரின் முழக்கம் கேட்கின்றது. தமையனின் குரல் கேட்கவில்லை. தமையன் மடிந்தான் என முடிவு செய்து பிலத்தின் வாயைக் கல்லால் அடைத்துவிட்டு நாடு திரும்புகின்றான். கிட்கிந்தையின் அரசியல் முரண்பாடு முழுவதும் இக்கணத்திலிருந்தே பிறக்கின்றது. சுக்கிரீவன் கேட்ட ஒலி மெய்யானது. அதற்கு அவன் கண்ட பொருளே பிழையானது. நிலத்தடி ஒலி பற்றிய மக்கட் கதைகள் யாவற்றையும் அணுகுவதற்கு இவ்வேறுபாடு பெரிதும் பயன்படும். பொருள்கோடல் தவறு என்பதனால் ஒலி பொய்யாகிவிடாது.

இக்குழப்பம் எமது மரபுக்கு மட்டும் உரியதன்று. பூமியின் உட்குழிவுகளில் அகப்பட்ட காற்றே நிலநடுக்கத்துக்கும் அதனோடு எழும் முழக்கத்துக்கும் காரணமென அரிஸ்டோட்டில் கருதினார். 17ஆம் நூற்றாண்டில் அத்தனேசியஸ் கிர்ச்சர் என்னும் யேசு சபைத் துறவி, பூமியின் உள்ளே நெருப்பும் நீரும் ஓடும் பெருங்கால்வாய்களை வரைந்து 1665இல் ஒரு பெருநூலை வெளியிட்டார். அவரே 1673இல் ஒலியியல் பற்றியும் நூலொன்று எழுதினார். உள்ளே நோக்கும் கருவிகள் தோன்றுமுன் ஐரோப்பாவின் கற்றோரும் எமது மலைநாட்டு மக்களைப் போலவே செவிவழிச் சான்றிலிருந்து குகைகளைக் கட்டியெழுப்பினர். வேறுபாடு அறிவுத் திறனில் இல்லை. உற்பத்திச் சக்திகளின் வளர்ச்சி நிலையிலேயே உண்டு.

3

இனி, பாறையை நோக்குவோம். இலங்கையின் பாறைகளை நவீன முறையில் ஆராய்ந்தோருள் முன்னோடியாகிய ஆனந்த குமாரசுவாமி (1877 - 1947) கலை வரலாற்றறிஞராகவே இன்று பெரும்பாலும் நினைவுகூரப்படுகின்றார். ஆயின் அவர் புவிச்சரிதவியலாளராகவே தமது பணியைத் தொடங்கினார். 1902இல் இலங்கையின் பளிங்குருச் சுண்ணக்கற் பாறைகள் பற்றி ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார். 1903 முதல் 1906 வரை கனிப்பொருள் அளவைப் பணிக்குத் தலைமை தாங்கினார். கல்லைத் தேடிக் கிராமங்கள் தோறும் நடந்தபோதே கைவினைஞரின் வாழ்வையும் அதன் சிதைவையும் அவர் கண்டார். 1908இல் வெளிவந்த அவரது மத்தியகாலச் சிங்களக் கலை பற்றிய நூல் அந்நடையின் விளைவேயாகும். பாறையிலிருந்து உழைப்பாளியை நோக்கிச் சென்ற அப்பாதை எமக்கும் வழிகாட்டியாகும்.

மலைநாட்டின் பெரும்பகுதி மிகப் பழைய, உருமாறிய கடும்பாறைகளால் ஆனது. அவற்றினிடையே மாத்தளை, திகன, வெலிமடை முதலிய பகுதிகளிற் பளிங்குருச் சுண்ணக்கல், அதாவது சலவைக்கல், பட்டை பட்டையாகக் காணப்படுகின்றது. மழைநீர் காற்றிலும் மண்ணிலும் உள்ள கரியமில வாயுவைக் கரைத்து மென்மையான அமிலமாகிச் சுண்ணக்கல்லின் வெடிப்புகளில் இறங்குகின்றது. காலப்போக்கில் வெடிப்பு பொந்தாகவும் பொந்து குகையாகவும் விரிகின்றது. இஸ்திரிபுரக் குகை இவ்வாறு உருவானதே. ஆகவே மலைநாட்டின் அடியில் வெறுமைகள் உண்டு என்னும் மக்கள் நம்பிக்கை முற்றிலும் ஆதாரமற்றதன்று. ஆனால் சுண்ணக்கற் பட்டைகளுக்கிடையே கடும்பாறைகள் குறுக்கிடுவதனால், அவ்வெறுமைகள் மலைக்கு மலை தொடரும் சுரங்கமாக அமைய முடியாது.

ஒலியைப் பற்றியும் சிறிது கூறுதல் வேண்டும். காற்றில் ஒலி ஒரு செக்கனுக்கு ஏறத்தாழ 340 மீற்றர் செல்லும். நீரில் ஏறத்தாழ 1,500 மீற்றர். உறுதியான பாறையில் 5,000 மீற்றர் அளவிலும் அதற்கு மேலும் செல்லும். பாறையில் விரைந்து வரும் அதிர்வு குகையின் வெறுமையை எதிர்ப்படும்போது பெருமளவு தெறித்துத் திரும்புகின்றது. குடத்தின் வாயில் ஊதும்போது குடம் முழங்குவது போல, ஒடுங்கிய வாயும் அகன்ற வயிறும் கொண்ட குகையும் காற்றுப் பட்டால் தாழ்ந்த சுருதியில் ஒலிக்கக்கூடும். தொலைவில் எழுந்த ஒலி காலடியில் கேட்பதும், நிலமே மூச்சுவிடுவது போலத் தோன்றுவதும் இவ்வாறே நிகழ்கின்றன. இவற்றுக்கு அமானுஷ்ய விளக்கம் எதுவும் தேவையில்லை.

நிலத்தடியை அரசுகள் எவ்வாறு பயன்படுத்தின என்பதற்கும் ஓர் உதாரணம் உண்டு. நக்கிள்ஸ் மலைத்தொடரில், மீமுரேக்கு அண்மையிலுள்ள வெடியுப்புக் குகையைப் பிரித்தானிய மருத்துவராகிய ஜோன் டேவி நேரிற் கண்டு, 1821இல் வெளிவந்த தமது நூலில் விவரித்துள்ளார். வௌவால்களின் எச்சம் படிந்த அக்குகை ஒரு பகுதி இயற்கையாகவும் ஒரு பகுதி மனிதர் அகழ்ந்ததாகவும் இருந்தது. கண்டியரசின் வெடிமருந்துக்கு வேண்டிய உப்பு அங்கிருந்தே பெறப்பட்டது; வறண்ட பருவத்தில் ஆட்கள் அங்கு சென்று வேலை செய்தனர். கதையின் பிலத்தில் மயன் சமைத்த பொன்னகரம் இருந்தது. வரலாற்றின் பிலத்தில் இருந்தது கூலியற்ற சேவை. அரசனின் ஆயுதம் குகையிலிருந்து வந்தது என்பதே பொதுவாகப் பதிவாகின்றது. குகையினுள் உழைத்தவர் எதைக் கேட்டனர் என்பது பதிவாகவில்லை.

4

இப்பின்னணியில் வலப்பனையின் நிலம் எவ்வாறு கைமாறியது என்பதைச் சுருக்கமாக நோக்குதல் அவசியம். 1817 - 18 கிளர்ச்சியின் களங்களுள் வலப்பனையும் ஒன்று. அது ஒடுக்கப்பட்ட முறை கிராமங்களைப் பாழாக்கிற்று. 1840ஆம் ஆண்டு 12ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம், உறுதி காட்டப்படாத காட்டையும் சேனை நிலத்தையும் முடிக்குரியதெனக் கொண்டு, கோப்பித் தோட்டங்களுக்கு வழி திறந்தது.

தோட்டத்தின் வெளியே எஞ்சிய வயலும் விட்டுவைக்கப்படவில்லை. 1878ஆம் ஆண்டுத் தானிய வரிச் சட்டம் நெல்லாகச் செலுத்திய வரியைப் பணமாகச் செலுத்தும்படி வற்புறுத்திற்று. 1869இல் தோன்றிய இலை நோயினாற் கோப்பி வீழ்ச்சியுற்று, கிராமத்தவரின் சிறு கோப்பி வருமானமும் அற்றுப்போன காலத்திலேயே இச்சுமை ஏற்றப்பட்டது. 1880களின் முற்பகுதியில் வலப்பனையிலும் அயற் பகுதிகளிலும் வரி நிலுவைக்காக வயல்கள் ஏலத்தில் விற்கப்பட்டன. நிலமிழந்த குடும்பங்கள் பட்டினிக்கும் சாவுக்கும் ஆளாயின. நுவரெலியாவின் உதவி அரசாங்க அதிபராகப் பணியாற்றிய லெ மெசூரியரின் அறிக்கைகள் இதனை வெளிக்கொணர்ந்தன. பெரும் விவாதத்தின் பின்னர் 1892இல் அவ்வரி ஒழிக்கப்பட்டது. வலப்பனை என்னும் பெயர் அன்று இலண்டன் வரை அறியப்பட்டது இராவணனால் அன்று, இவ்வேலங்களாலேயே.

கிராமத்தவர் நிலத்தை இழந்த அதே மலைகளிலேயே, தென்னிந்தியக் கிராமங்களில் நிலமற்றவராக்கப்பட்ட தமிழ்த் தொழிலாளர் குடியேற்றப்பட்டனர். ஒரே முதலாளித்துவ நிகழ்முறையின் இரு முனைகளில் நின்ற இவ்விரு வர்க்கத்தினரும் ஒருவரையொருவர் அந்நியராகக் காணும்படி செய்யப்பட்டமை தனித்து ஆராய்தற்குரியது.

தோட்டம் நிலத்தை மட்டுமன்றி ஒலியையும் ஒழுங்குபடுத்தியது. விடியுமுன் தப்பு முழங்கிற்று. பிரட்டுக்களத்திற் பெயர் கூப்பிடப்பட்டது. வேலையின் தொடக்கமும் முடிவும் ஓசையால் அறிவிக்கப்பட்டன. சி. வி. வேலுப்பிள்ளை (1914 - 1984) ஆங்கிலத்தில் எழுதிய தேயிலைத் தோட்டக் கவிதை விடியலின் பறையொலியோடு தொடங்குவது தற்செயலானதன்று. தொழிலாளியின் நாள் அவ்வொலியாலேயே உடைமையாக்கப்பட்டது. ஆயின் அதே தப்பு மாரியம்மன் திருவிழாவிலும் காமன் கூத்திலும் மரண வீட்டிலும் மக்களுக்குரியதாகவே ஒலித்தது. ஒரே கருவி இரு வர்க்கங்களின் தேவைக்கும் பயன்பட்டது. ஒலியின் பொருள் ஒலியில் மட்டும் தங்கியிருப்பதில்லை, அது எவரின் தேவைக்காக எழுப்பப்படுகின்றது என்பதிலும் தங்கியுள்ளது என்பதற்கு இதனினும் தெளிவான உதாரணம் வேண்டியதில்லை.

5

தப்பொலிக்குப் பிரட்டுக்களத்திற் கங்காணி பொருள் கூறினான். நிலத்தின் ஒலிக்குப் பொருள் கூற எவருமிலர். ஆயினும் மலைநாட்டில் நிலம் பேசவே செய்கின்றது. மழைநீர் தளர்ந்த மண்ணினுட் புகுந்து சிறு குழாய்களை அரித்து ஓடும்போது காலடியில் நீரோசை எழும். சரிவு தொடங்குமுன் வேர்கள் அறுபடும். பாறைகள் ஒன்றோடொன்று உராயும். பின்னர் முழக்கம் கேட்கும். சுவரிலும் நிலத்திலும் வெடிப்பு, சாய்ந்த மரம், திடீரெனத் தோன்றும் அல்லது வற்றும் ஊற்று, கலங்கிய நீர் ஆகியவற்றோடு வழக்கத்துக்கு மாறான ஒலியும் மண்சரிவின் முன்னறிகுறிகளுள் ஒன்றாக இன்று கொள்ளப்படுகின்றது.

1986 ஜனவரியில் மலைநாட்டில் நிகழ்ந்த மண்சரிவுகளின் பின்னர், 1990 முதல் பதுளை, நுவரெலியா மாவட்டங்களில் மண்சரிவு அபாய வரைபடங்களைத் தயாரிக்கும் பணியைத் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் மேற்கொண்டது. 2007 ஜனவரியில் வலப்பனையும் ஹங்குராங்கெத்தவும் பெரும் சரிவுகளுக்கு உள்ளாயின. பலர் மாண்டனர், ஆயிரக்கணக்கானோர் இடம்பெயர்ந்தனர். இன்று மழைமானியைக் கொண்டு முன்னறிவிப்பு விடுக்கப்படுகின்றது: 24 மணித்தியாலத்தில் 75 மில்லிமீற்றர் பெய்தால் விழிப்பு, 100 பெய்தால் எச்சரிக்கை, 150 பெய்தால் வெளியேற்றம். இது மதிக்கத்தக்க விஞ்ஞான முன்னேற்றமே. ஆனால் ‘வெளியேறுக’ என்னும் சொல், வெளியேறிச் செல்ல இடமுடையவருக்கே முழுமையான பொருள் தரும்.

இதற்குக் கொடிய சான்று பதுளை மாவட்டத்தின் கொஸ்லந்தையை அடுத்த மீரியபெத்தைத் தோட்டம். 2014 ஒக்டோபர் 29ஆந் திகதி காலை அங்கு லயங்கள் மண்ணுள் மறைந்தன. அந்நிலம் ஆபத்தானதென 2005இலும் 2011இலும் எச்சரிக்கப்பட்டிருந்தது. எனினும் மக்கள் அங்கேயே வாழ்ந்தனர். இதனை அறியாமை என்று விளக்குவோர் நிலவுடைமை வரலாற்றை மறந்துவிடுகின்றனர். லயம் எங்கு கட்டப்பட வேண்டும் என்பதைத் தீர்மானித்தவர் துரையேயன்றி அதில் வாழ்ந்தவர் அல்லர். 1948இல் குடியுரிமை பறிக்கப்பட்டது. 1970களின் நிலச் சீர்திருத்தம் தோட்டங்களை அரசுடைமையாக்கியபோதும், 1992இல் முகாமை கம்பனிகளிடம் கையளிக்கப்பட்டபோதும் லயத்தின் அடிநிலம் தொழிலாளிக்கு உரித்தாகவில்லை. 7 பேர்ச் காணி என்பதே நீண்ட போராட்டத்தின் பின் எழுந்த கோரிக்கையாயிற்று. அம்மக்களுக்குக் காது இருந்தது, காணி இருக்கவில்லை.

சரிவு இயற்கையின் செயல் மட்டுமன்று என்பதும் கவனிக்கத்தக்கது. காடு அழிக்கப்பட்ட சரிவில் மழைநீரை வழிப்படுத்துவது தொழிலாளர் வெட்டிய கான்களே. கான் வெட்டும் வேலை இலாபமற்றதெனக் கைவிடப்படுமிடத்து நீர் மண்ணுள் இறங்குகின்றது. எனவே நிலத்தின் உறுமலில் உழைப்பின் வரலாறும், அது நிறுத்தப்பட்டதன் வரலாறும் சேர்ந்தே ஒலிக்கின்றன.

மெய்யான சுரங்கமும் இம்மலைகளில் தோண்டப்பட்டுள்ளது. உமா ஓயாத் திட்டத்தின் சுரங்க அகழ்வின்போது 2014 இறுதியிலும் பின்னர் 2017இலும் பெருமளவு நிலத்தடி நீர் சுரங்கத்துள் பாய்ந்தது. பண்டாரவளைப் பகுதியிற் கிணறுகள் வற்றின, வீடுகளின் சுவர்கள் வெடித்தன, மக்கள் வீதியில் இறங்கினர். 120 மெகாவாற்று மின்சாரத்துக்கான அத்திட்டம் 2024 ஏப்ரலில் திறந்துவைக்கப்பட்டது. கதையிலுள்ள சுரங்கம் எவரின் கிணற்றையும் வற்றச் செய்ததில்லை.

2020 ஓகஸ்ட் 29ஆந் திகதி திகனப் பகுதியிற் சிறு நில அதிர்வு உணரப்பட்டது. அதன் பின்னர் வலப்பனைப் பகுதியிலும் சிறு அதிர்வுகள் பதிவாயின. ஆழங்குறைந்த சிறு அதிர்வு, உடல் உணருமுன்பே வெடியோசையாகச் செவிக்கு எட்டக்கூடியது. கல் அகழ்வு வெடியோ, நீர்த்தேக்கத்தின் பாரமோ காரணம் என்ற ஐயங்கள் அப்போது எழுந்தன. ஐயம் எழுந்த திசை நோக்கத்தக்கது. மக்கள் இராவணனைச் சுட்டவில்லை. கல்லுடைப்போரையும் அணையையும் சுட்டினர். கூட்டு அனுபவம் பொருள்கோடலை மாற்றுகின்றது.

2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் கொணர்ந்த பெருமழை மலைநாடெங்கும் மண்சரிவுகளை விளைவித்தது. நாடளாவிய உயிரிழப்பு 600ஐத் தாண்டியது. லயங்கள் இன்னும் அதே சரிவுகளிலேயே நின்றன என்பதை எடுத்துக்கூற வேண்டியதில்லை.

6

இதுவரை கூறியவற்றிலிருந்து சில முடிவுகளுக்கு நாம் வரலாம்.

முதலாவதாக, நிலத்தடி ஒலிக்குகை பற்றிய கதையை மூடநம்பிக்கையென ஒதுக்குவது கொச்சைப் பொருள்முதல்வாதமாகும். சுண்ணக்கல்லின் பொந்துகள், மண்ணினுள் ஓடும் நீர், அதிர்வு ஆகிய புறநிலை யதார்த்தங்களை மக்கள் செவியால் அறிந்தனர். அவற்றைப் புராணத்தின் சொற்களாற் குறித்தனர். சுக்கிரீவனின் செவி பழுதுற்றிருக்கவில்லை என்பதை இங்கு மீண்டும் நினைவுகூரலாம்.

இரண்டாவதாக, அக்கதையை அவ்வாறே போற்றுவதும் ஆபத்தானது. 2000களின் பிற்பகுதி முதல் உல்லாசப் பயணத்துறை ‘இராமாயணத் தடம்’ என இவ்விடங்களைச் சந்தைப்படுத்தி வருகின்றது. கதை பண்டமாகும்போது அதனைச் சொன்னவர் மறைந்துவிடுகின்றனர். இராவணன் நடந்த வழியைத் தேடிவரும் பயணி, அவ்வழியின் மேல் வெடித்துநிற்கும் லயச் சுவரைக் காண்பதில்லை.

மூன்றாவதாக, தமிழ் ஆய்வாளருக்கு இங்கு ஒரு பணி உண்டு. ‘குமுறல்’ என்னும் சொல்லை எமது மொழி இடிக்கும், கடலுக்கும், எரிமலைக்கும், அடக்கப்பட்ட மனிதரின் சினத்துக்கும் ஒருசேர வழங்குகின்றது. மலையக நாட்டார் வழக்காறுகளைத் தொகுத்தோர் பாடல்களைப் பெரும்பாலும் காதல், தாலாட்டு, ஒப்பாரி, தொழில் என வகுத்தனர். மண், மழை, ஊற்று, முழக்கம் ஆகியவை பற்றி முதியோர் கொண்டுள்ள அறிவும், அதனைக் குறிக்கும் சொற்களும் அவ்வகுப்பினுள் இடம்பெறவில்லை. தமிழிலும் சிங்களத்திலும் அவை சேகரிக்கப்படல் வேண்டும். வரி ஏலத்தில் வயலிழந்தவரின் சந்ததியும் லயத்தில் வாழ்வோரின் சந்ததியும் ஒரே சரிவின் கீழேயே வாழ்கின்றனர். நிலம் உறுமும்போது அது இரு மொழியினருக்கும் ஒன்றாகவே கேட்கின்றது. மழைமானியின் கணக்கோடு அம்மக்களின் செவியறிவும் சேருமாயின் முன்னறிவிப்பு வலுப்பெறும்.

ஆனால் அறிவைச் சேகரிப்பதோடு எமது பணி நிறைவுறாது. மீரியபெத்தையில் எச்சரிக்கை இல்லாதிருக்கவில்லை. பாதுகாப்பான இடத்தில், தன் பெயரில், உறுதியோடு கூடிய காணி தொழிலாளிக்குக் கிட்டும்வரை, நிலத்தின் ஒலியை எத்துணை நுட்பமாகப் பதிவு செய்தாலும் அது ஆவணமாகவே எஞ்சும். அக்காணி கிட்டும்போதே அவ்வொலி எச்சரிக்கை என்னும் தன் முழுப் பொருளையும் பெறும்.